வேலப்போடியாரின் தும்மல்

என்னைப் பற்றி எங்கள் பக்கத்தில் இரண்டு கதை உலாவுகிறது. ஒன்று, பிரஷாந்தி கொழும்பில் டீவியில் பெரிய எடிட்டர். மற்றது, புளியங்கண்டல் அம்மன் கோயிலின் முதல் மரியாதையையே இடம் மாற்றி வைத்த பாதகத்தி அவள். இரண்டாவது கதை உண்மை. முதலாவதில் உள்ள 'பெரிய' என்ற சொல் எங்கள் அம்மா சேர்த்தது.

தொழிலை நான் பழகியது ஓட்டமாவடியில், ஹலீம் நானாவின் ஸ்டுடியோவில். என் திறமையைப் பார்த்து அவர் வேலை தந்தார் என்று யாரும் நினைக்க வேண்டாம். முஸ்லிம் கல்யாண வீடுகளில் பெண்கள் பக்கத்து வீடியோவைப் பிற ஆண்கள் பார்க்கக்கூடாது. நானாவின் மனைவி சபீனா ராத்தா நன்றாகப் படம் பிடிப்பார், ஆனால் கொம்பியூட்டருக்கு முன்னால் குந்தியிருக்க அவருக்குப் பொறுமை கிடையாது. அதற்கு ஒரு பெண்பிள்ளை தேவைப்பட்டது. நான் வாகரைப் பக்கத்தில் காடு வெட்டிச் சேனைப் பயிர் செய்கிறவர்களின் மகள். ஏ.எல். சோதனை எழுதிவிட்டு வீட்டில் அம்மாவோடு சண்டை பிடித்துக்கொண்டு இருந்தேன். சண்டை பிடிக்கிற நேரத்துக்கு வீடியோ வெட்டினால் என்ன என்று வந்துவிட்டேன்.

வந்தபிறகுதான் தெரிந்தது, வீடியோ எடுப்பிக்கிற ஆட்களுக்குப் பாதி ஆசை தாங்கள் படத்தில் இருப்பது, மீதி ஆசை மற்றவர்கள் இல்லாமல் இருப்பது. "மாமிய வெட்டு பிள்ளை." "அந்தச் சித்தப்பனக் கண்ணிலயும் காட்டாத." ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளையின் பெரியப்பாவை அப்படியே தூக்கிவிட்டேன், ஒரு இடத்தில் மட்டும் அவருடைய கை பாயாசக் கோப்பையோடு வந்து போகும். ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை. வெட்டின துண்டுகளை நான் எறியமாட்டேன், கெசட்டோடு வைத்திருப்பேன். பல் குத்துகிறவர்கள், கொட்டாவி விடுகிற மணப்பெண்கள், பந்தியில் சண்டை பிடிக்கிற சம்பந்திகள் எல்லோரும் என் மேசைக்குக் கீழே ஒரு பழைய பிஸ்கட் தகரத்தில் இருந்தார்கள். மனம் சரியில்லாத நாளில் எடுத்துப் போட்டுப் பார்ப்பேன்.

சமாதான காலம் அது. 2004 வைகாசியில் புளியங்கண்டல் கண்ணகை அம்மன் கோயிலில் சடங்கு பெரிதாக நடந்தது. பாசிக்குடாவுக்குத் தெற்கே கடலோரத்து ஊர். எங்கள் ஸ்டுடியோ திவாகரன்தான் போய்ப் படம் பிடித்துக்கொண்டு வந்தான்.

சடங்கின் கடைசி நாளில் கோயில் பூசாரியான கப்புகனார் பூசை முடித்துவிட்டு, வெற்றிலை பாக்குத் தேங்காயோடு ஒரு பித்தளைத் தட்டை ஒவ்வொரு குடியின் தலைவருக்கும் கொடுப்பார். அதைக் காளாஞ்சி என்பார்கள். குடி என்பது தாய்வழி. தாய் எந்தக் குடியோ பிள்ளைகளும் அந்தக் குடி. முதல் காளாஞ்சி ஆதிப்போடி குடிக்கு, இரண்டாவது மணலடிக் குடிக்கு. இந்த முதல், இரண்டுக்காக அந்த ஊரில் நிச்சயித்த கல்யாணங்கள் குழம்பியிருக்கின்றன. எங்கள் ஊர்க் கோயிலில் முதலில் கை நீட்டுகிறவனுக்கு முதலில் கிடைக்கும். எனக்கு இதெல்லாம் புதினமாக இருந்தது.

ஆதிப்போடி குடிக்குத் தலைவர் வேலப்போடியார். எண்பது ஏக்கர் வயல் வட்டைக்குச் சொந்தக்காரர். வட்டைக்குள் நின்று அவர் தும்மினால் அடுத்த வயல் கண்டத்துக் கொக்கும் எழும்பிப் போகும் என்று ஊரில் சொல்வார்கள். சும்மா சொல்லவில்லை. வீடியோக் கெசட்டில் நானே கேட்டேன். கப்புகனார் தட்டை நீட்டுகிறார். சாம்பிராணிப் புகை. போடியார் இரண்டு கையாலும் வாங்குகிறார். வாங்கிய கையோடு ஒரு தும்மல். தட்டு கையை விட்டுப் போகிறது. பின்னால் நின்ற மணலடிக் குடித் தலைவர் மூத்ததம்பியார், மெலிந்த மனிதர், சட்டென்று குனிந்து அதைப் பிடித்துவிடுகிறார். பிடித்தவர் என்ன செய்வதென்று தெரியாமல் தட்டோடு நிமிர்ந்து நிற்கிறார், ஒரு ஏழு விநாடி. போடியார் அதைப் பறித்துக்கொண்டு ஒன்றும் நடக்காத மாதிரிக் கமெராவைப் பார்க்கிறார். நானும் ஹலீம் நானாவும் அதைத் திருப்பித் திருப்பிப் போட்டுச் சிரித்தோம்.

கார்த்திகையில் வேலப்போடியார் மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினார். நான் தனியே இருந்தேன்.

"நீதான் வெட்டுற பிள்ளையா?"

"ஓம்."

"ஹலீம் எங்க?"

"நானா கல்யாண வீட்டுக்குப் போயிட்டார்."

அவர் கதவைப் பார்த்தார், ஜன்னலைப் பார்த்தார், குரலைத் தாழ்த்தினார். "சடங்குக் கெசட்டில ஒரு இடம் இரிக்கு."

"எந்த இடம் போடியார்?"

"அந்தக் காளாஞ்சி குடுக்கிற இடம்."

"அது நல்லாத்தானே வந்திரிக்கு."

"நல்லா வரல்ல." மீசையைத் தடவினார். "சாம்பிராணி கொஞ்சம் கூடிப் போச்சு."

"ஓ, புகையா? புகைய வெட்ட ஏலாதே."

"தும்மின இடம், பிள்ளை. தட்டு வழுக்கின இடம், நான் திருப்பிப் பறிச்ச இடம். அதுகள வெட்டு." முகம் சிவந்துவிட்டது. எனக்குச் சந்தோசமாக இருந்தது, அதை ஏன் மறைக்க வேண்டும். "மறுகா அத ஒருத்தருக்கும் நீ காட்டவும் படாது, சொல்லவும் படாது. அம்மாளாச்சி மேல சத்தியம் பண்ணு."

சத்தியம் செய்தேன். அத்தோடு அவர் போயிருந்தால் இந்தக் கதையே இல்லை. வாசலில் நின்று திரும்பினார்.

"வாகரைப் பிள்ளை எண்டு ஹலீம் சொன்னவன். காட்டுக்க தேன் எடுக்கிற சனத்துக்குக் குடிமுறை எங்க விளங்கப் போகுது? சொன்னதச் செய், காணும்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எங்கள் அப்பா தேன் எடுக்கிறவர்தான். அவர் எடுத்த தேனை இவர் வீட்டிலும் நக்கியிருப்பார்கள்.

சொன்னதைச் செய்தேன், ஒரு சொல் பிசகாமல். தும்மின இடத்தை வெட்டினேன், வழுக்கின இடத்தை வெட்டினேன், பறித்த இடத்தை வெட்டினேன். நடுவில் மூத்ததம்பியார் தட்டோடு நிற்கிற ஏழு விநாடி மிஞ்சியது. அதை வெட்டு என்று அவர் சொல்லவில்லையே. கப்புகனார் தட்டை நீட்டுகிறார், அடுத்ததாக மூத்ததம்பியார் தட்டோடு நிற்கிறார். சங்கு, பெண்களின் குரவைச் சத்தம் எல்லாவற்றையும் அதற்கு மேல் போட்டேன். அதற்குப் பிறகு வேலப்போடியார் தட்டோடு நிற்கிற காட்சி. மூத்ததம்பியார் தன்னுடைய தட்டை வாங்கின காட்சியை எடுத்துவிட்டேன், ஒரு ஆளுக்கு ஒரு தட்டுக் காணும்தானே. வீடியோவைப் பார்த்துவிட்டு மனிதர் மோட்டார் சைக்கிளில் பறந்து வருவார், அவரைக் கொண்டு 'தயவு செய்து பிள்ளை' என்று ஒருதரம் சொல்ல வைத்துவிட்டுப் பத்து நிமிடத்தில் திருத்திக் கொடுக்கலாம் என்பது என் திட்டம்.

மார்கழியில் இரண்டு சீடி அடித்தேன். ஒன்று கோயில் நிர்வாகத்தைப் பார்க்கிற வண்ணக்கருக்கு. மற்றது சுவிஸில் இருந்த மூத்ததம்பியாரின் மகள் தக்ஷாயினிக்கு, தபாலில் போனது. ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் ஊரே கூடிப் பார்க்கப் போவதாக வண்ணக்கர் சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கடல் வந்தது.

கோயில் போனது. வண்ணக்கர், அவருடைய வீடு, மரியாதை முறை எழுதி வைத்திருந்த கொப்பி, நான் கொடுத்த சீடி எல்லாம் போயின. தென்னந்தோட்டத்துக்குப் போன வேலப்போடியாரை மூன்றாம் நாள்தான் எடுத்தார்கள். எங்கள் வீடும் இல்லை, அப்பாவும் இல்லை, அம்மா மட்டும் தப்பினார். ஓட்டமாவடி உள்ளுக்கு இருந்ததால் ஸ்டுடியோவுக்கு ஒன்றும் இல்லை. நான் கதவடியில் குந்தியிருந்து அழுதேன். அப்பாவை விட்டால், செத்த அத்தனை பேரிலும் எனக்கு வேலப்போடியாரைத்தான் தாங்க முடியவில்லை. என்னோடு சண்டைக்கு வரவேண்டிய மனிதர். நான் காத்துக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகு மூன்று மாதம் நான் ஒன்றும் வெட்டவில்லை. படம் ஒன்றும் மிஞ்சாத சனம் வந்து வரிசையில் நின்றது. யார் யாருடைய கல்யாணத்தில் தங்கள் பிள்ளை ஓடித் திரிந்தது, யாருடைய பந்தியில் புருசன் சோறு தின்றார் என்று ஞாபகப்படுத்திச் சொல்வார்கள். தேடி எடுத்து ஒட்டிக் கொடுத்தேன். பிஸ்கட் தகரத்தில் இருந்தவர்களில் பாதிப் பேர் அப்படி வீடு போய்ச் சேர்ந்தார்கள். வேலப்போடியார் வீட்டிலிருந்து மட்டும் ஒருவரும் வரவில்லை. ஏன் என்று அப்போது நான் யோசிக்கவில்லை.

2006 கடைசியில் எங்கள் பக்கத்தில் செல் குண்டு விழத் தொடங்கியது. அம்மாவைக் கூட்டிக்கொண்டு கொழும்புக்குப் போனேன். ஒரு டீவியில் செய்திப் பிரிவில் வேலை கிடைத்தது. 2009 வைகாசி வரைக்கும் அங்கே இருந்து நான் வெட்டியதைப் பற்றி அதிகம் சொல்ல விருப்பமில்லை. எதை முதலில் வைப்பது, எதைப் பிறகு வைப்பது, எதை எடுத்துவிடுவது என்று மேலே இருந்து சொல்வார்கள். நான் செய்வேன். என்னோடு சண்டை பிடிக்க ஒருவரும் மோட்டார் சைக்கிளில் வரவில்லை. அந்த நாட்களில் வேலப்போடியாரை நான் அடிக்கடி நினைத்தேன்.

போர் முடிந்த அடுத்த வருசம், சித்திரையில், வேலப்போடியாரின் தங்கை மகன் உதயரூபன் போன் எடுத்தான். மாமாவுக்குப் பிறகு குடித் தலைமை அவனுக்குத்தான்.

"அக்கா, ஊர்ல பெரிய கரைச்சல். நீங்க வந்தே ஆகணும்."

கோயிலைத் திரும்பக் கட்டி, ஆறு வருசத்துக்குப் பிறகு பெரிய சடங்கு வைக்கப் போகிறார்கள். அந்த நேரம் பார்த்து சுவிஸிலிருந்து தக்ஷாயினி வந்திருக்கிறாள், பெட்டிக்குள் என் சீடியோடு. ஊர் கூடிப் பார்த்ததாம். முதல் தட்டு மூத்ததம்பியார் கையில். கடைசிச் சடங்கில் போடியாரே முதலிடத்தை விட்டுக் கொடுத்துவிட்டார், வீடியோவே சாட்சி, இனி முதல் காளாஞ்சி எங்களுக்குத்தான் என்று மணலடிக் குடி இளந்தாரிகள் எழும்பிவிட்டார்கள். பழைய கப்புகனாரும் கிட்ட நின்று பார்த்த பெரியவர்கள் முக்கால்வாசிப் பேரும் கடலோடு போய்விட்டார்கள், மிச்சப் பேருக்குப் புகைக்குள் ஒன்றும் சரியாகத் தெரியவில்லை. மூத்ததம்பியாரைக் கேட்டால், "நான் ஒண்டும் சொல்ல ஏலாது" என்று மட்டும் சொல்கிறாராம். தீராவிட்டால் சடங்கே இல்லை என்று புது வண்ணக்கர் வினாயகமூர்த்தி சொல்லிவிட்டார்.

சடங்கின் வெட்டாத கெசட் கிடந்த பிஸ்கட் தகரத்தையும், அந்தக் கெசட் போடக்கூடிய பழைய கமெராவையும் தூக்கிக்கொண்டு ரயில் ஏறினேன். செத்த மனிதரின் முதல் மரியாதையை நான் களவெடுத்து வைத்திருக்கிறேன். திருப்பிக் கொடுக்க வேண்டுமென்றால், எதைக் காட்டமாட்டேன் என்று அவருக்குச் சத்தியம் செய்தேனோ அதைத்தான் காட்ட வேண்டும். ரயில் பொலன்னறுவை தாண்டும்வரை இதையே நினைத்துக்கொண்டு வந்தேன்.

மத்தியானம் உதயரூபன் வீட்டில் சாப்பாடு. அவனுடைய தாய், வேலப்போடியாரின் தங்கை இலட்சுமிப்பிள்ளை, வாவி இறால் பொரித்துப் போட்டார். மகனைக் கடைக்கு அனுப்பிவிட்டு எனக்குப் பக்கத்தில் வந்து குந்தினார்.

"பிள்ளை, எனக்கு முதல் மரியாதையும் வேணாம், ஒண்டும் வேணாம். ஒண்டு கேட்கன், உள்ளதச் சொல்லு. அண்ணன்ட கையில இருந்து தட்டு நிலத்தில விழுந்ததா?"

வாயில் வைத்த இறாலை நான் எடுத்துக் கோப்பையில் வைத்தேன்.

"புகைக்குள்ள தட்டுப் போனதப் பக்கத்து வீட்டுப் புஸ்பம் கண்டவ. எனக்கு மட்டும் காதுக்க சொன்னவ. வைகாசியில தட்டு விழுந்திச்சு, மார்கழியில கடல் வந்திச்சு. அண்ணனும் போயிட்டார். இத அஞ்சு வருசமா நான் நெஞ்சுக்க வச்சிரிக்கன். சனத்துக்குத் தெரிஞ்சா, செத்த சனம் அவ்வளவுக்கும் அவரத்தான் சொல்லும். விழுந்திரிந்தா அந்தக் கெசட்டக் காட்டாத. மணலடியாரே முதல் வாங்கட்டும்."

அவர்கள் வீட்டிலிருந்து ஏன் ஒருவரும் படம் தேடி வரவில்லை என்று அப்போதுதான் விளங்கியது.

"விழல்லம்மா" என்றேன்.

அவர் என் முகத்தைப் பார்த்தார். "நீதானே வெட்டின பிள்ளை. என்ன சொல்லணும் எண்டு அண்ணன் உனக்குச் சொல்லித்தான் போயிருப்பார்."

என் வாய்க்கு அந்த ஊரில் இருந்த மதிப்பு அவ்வளவுதான். நானே தேடிக்கொண்டது.

பின்னேரம் நாலு மணிக்குக் கோயில் முற்றத்தில் தறப்பாள் கட்டி டீவியைக் கொண்டுவந்து வைத்தார்கள். ஆதிப்போடி குடி ஒரு பக்கம், மணலடி மறுபக்கம். முன்வரிசையில் மூத்ததம்பியார் இன்னும் மெலிந்து போய் உட்கார்ந்திருந்தார். நான் எழும்பி, முதல் காளாஞ்சி வாங்கியது வேலப்போடியார்தான், என் கோபத்தில் மாற்றி வைத்துவிட்டேன் என்று சொன்னேன்.

சந்தை இரைச்சல்தான் பிறகு. மணலடிக் குடிப் பொடியன் ஒருவன், "அப்ப மூத்தப்பாட கையில தட்டு எப்படி வந்திச்சு? அதையும் நீங்களா கீறினீங்க?" என்று கேட்டான். நியாயமான கேள்வி.

"ஐயா, நீங்க சொல்லுங்க" என்று மூத்ததம்பியாரைப் பார்த்தேன்.

"சொல்ல ஏலாது பிள்ளை. வாக்குக் குடுத்திரிக்கன்."

"நானுந்தான் குடுத்திரிக்கன்."

அவர் தலையைத் தூக்கினார். "ஆருக்கு?"

"போடியாருக்கு. அம்மாளாச்சி மேல சத்தியம்."

மூத்ததம்பியார் தோள் குலுங்கச் சிரித்தார். "என்னட்டயும் அதுதான் வாங்கினவன். இஞ்ச, இந்த வேப்பமரத்தடியில வச்சு. தானும் செத்து, நம்மட ரெண்டு பேர்ட வாயையும் கட்டிப்போட்டு, முதல் மரியாதையையும் துலைச்சிப்போட்டு, என்ன மனிசன்." கண்ணைத் துடைத்துக்கொண்டார். "போடு பிள்ளை. சத்தியத்துக்குரியவ உள்ளுக்குத்தான் இரிக்கா. அவவுக்கு முன்னால போடு."

பின்வரிசையில் இலட்சுமிப்பிள்ளை எழும்பி நின்றார். என்னைப் பார்த்து, வேண்டாம் என்று தலையாட்டினார். போட்டேன்.

சங்கும் இல்லை, நான் சேர்த்த குரவையும் இல்லை, கமெராவில் பிடிபட்ட சத்தம் மட்டும். கப்புகனார் நீட்டுகிறார். போடியார் வாங்குகிறார். தும்முகிறார்.

மடியில் கிடந்த ஒரு குழந்தை வீரிட்டு அழுதது. முதலில் யாரோ ஒரு பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள், பிறகு இரண்டு குடியும் சேர்ந்து சிரித்தது. நான் சிரிக்கவில்லை. தட்டு கீழே போகப் போக ஒவ்வொரு படமாக நகர்த்தினேன். மூத்ததம்பியாரின் கைகள் வருகின்றன. தட்டு அந்தக் கைக்குள் வருகிறது. அங்கே நிறுத்தினேன்.

இலட்சுமிப்பிள்ளை சனத்தை விலக்கிக்கொண்டு டீவிக்குக் கிட்ட வந்தார். கண்ணாடியில் விரலை வைத்தார். தட்டுக்கும் மணலுக்கும் நடுவில் விரல் நின்றது.

"இடைவெளி இரிக்கு" என்றார்.

"ஒரு சாண் இரிந்திச்சு தங்கச்சி" என்றார் மூத்ததம்பியார். "நிலத்தில படல்ல. நான் பிடிச்சிட்டன்."

முற்றத்தில் சிரிப்பு நின்றுவிட்டது. இருவரும் சொன்னது எதைப் பற்றி என்று எல்லோருக்கும் விளங்கிவிட்டது. ஐந்து வருசமாக அந்த நினைப்பு புஸ்பத்துக்கும் இலட்சுமிப்பிள்ளைக்கும் மட்டும் இருந்ததாக நான் நினைத்திருந்தேன். சனத்தின் முகங்களைப் பார்த்தால் அப்படித் தெரியவில்லை.

"இன்னொருக்காப் போடு பிள்ளை" என்றார் இலட்சுமிப்பிள்ளை.

தட்டைப் பிடிக்கிற இடத்துக்குத் திருப்பினேன்.

"அதில்ல. தும்மினத."

ஏழு தரம் போட்டேன். ஏழாவது தரம் அவர் நிலத்தில் உட்கார்ந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்து, சிரிப்பு அழுகையாகி, "அண்ணன்ட தும்மல், அண்ணன்ட தும்மல்" என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

வைகாசியில் சடங்கு நடந்தது. முதல் காளாஞ்சி உதயரூபனுக்கு. பின்னால் நின்ற மூத்ததம்பியார் அவன் வாங்கும்போது இரண்டு கையையும் ஏந்தி, குனிந்து, தயாராக நின்றார். புதுக் கப்புகனாருக்கே சிரிப்பு வந்துவிட்டது. வீடியோ வேலை எனக்குத்தான் தந்தார்கள், ஒரு நிபந்தனையோடு. ஒரு துண்டும் வெட்டக்கூடாது. ஐந்து மணித்தியாலம் ஓடும் அந்த வீடியோவை முழுக்கப் பார்த்தவர் ஊரில் ஒருவரும் இல்லை.

போன மாதம் இலட்சுமிப்பிள்ளை அம்மாவுக்குக் கொழும்பிலிருந்து போன் எடுத்தேன். உதயரூபன் அந்தத் தும்மலை அவருடைய போனுக்கு மணியாகப் போட்டுக் கொடுத்திருக்கிறான் என்று கேள்விப்பட்டிருந்தேன். அடித்துக்கொண்டே இருந்தது. அவர் எடுக்கவில்லை. வெட்டுப்படப் போகிற நேரம்தான் எடுத்தார்.

"என்னம்மா, தூரத்திலயா இரிந்தீங்க?"

"இல்ல மகள், போன் மடியிலதான் இரிந்திச்சு. அண்ணன் தும்மி முடியட்டும் எண்டு இரிந்தனான்."